போலி ரிவ்யூக்களால் தத்தளிக்கும் சிறு வணிகர்கள்: நடவடிக்கை எப்போது?

கோவை கணபதி, பீளமேடு, சிங்காநல்லூர் பகுதிகளில் பேக்கரி, மெஸ், தையல் கடை, பல் கிளினிக், டூவீலர் ஒர்க்‌ஷாப் என்று சிறு தொழில் நடத்திப் பிழைக்கும் எங்களைப் போன்றவர்களுக்குக் கடந்த சில ஆண்டுகளாகத் தீராத தொல்லை ஒன்று இருந்து வருகிறது. கடைப் படியை ஒரு நாளும் மிதிக்காதவர்கள், கைப்பேசியில் எங்கள் கடைக்கு ஒற்றை ஸ்டார் போட்டு, வாய்க்கு வந்ததை எழுதிவிட்டுப் போகிறார்கள். எழுதியவர் யாரென்று தெரியாது. எதற்காக எழுதினார் என்றும் தெரியாது. அதை நீக்கச் சொல்லிக் கேட்பதற்கு ஓர் ஆள் கிடையாது. கோவையில் மட்டும் உள்ள நிலையல்ல இது. வணிகர் சங்கக் கூட்டங்களுக்கு வரும் வெளியூர்க்காரர்களும் இதையேதான் சொல்கிறார்கள்.

முன்பெல்லாம் ஒரு கடையின் பெயர் வாய்வழியாகப் பரவியது. பக்கத்து வீட்டுக்காரர், ஆட்டோ ஸ்டாண்டில் நிற்பவர், காலையில் டீ குடிக்க வருபவர் சொன்னால் போதும். இன்று நிலைமை வேறு. கொரோனா காலத்துக்குப் பிறகு, தெருமுனையில் நின்றுகொண்டேகூட மேப்பைத் திறந்து ரேட்டிங் பார்த்துவிட்டுத்தான் கடைக்குள் காலெடுத்து வைக்கிறார்கள். வேலைக்காகவும் படிப்புக்காகவும் வெளியூரிலிருந்து வந்து தங்கியிருக்கும் இளைஞர்களுக்கு அந்த நட்சத்திரங்களைத் தவிர வேறு வழிகாட்டி இல்லை. அவர்களைக் குறை சொல்ல முடியாது. நான்கு ஸ்டாருக்குக் கீழே இறங்கிய கடையை அவர்கள் தொட்டும் பார்ப்பதில்லை. உணவு டெலிவரி செயலிகளிலும் ரேட்டிங் இறங்கினால், பட்டியலில் கடை எங்கோ அடியில் போய்விடுகிறது.

அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழக ஆய்வாளர் மைக்கேல் லூகா, சியாட்டில் நகர உணவகங்களை வைத்து 2011-ல் ஓர் ஆய்வை வெளியிட்டார். யெல்ப் என்ற ரிவ்யூ தளத்தில் ஒரு ஸ்டார் கூடினால் உணவகத்தின் வருமானம் 5 முதல் 9 சதவீதம் வரை கூடுகிறது என்பது அவர் கண்ட முடிவு. அதைவிட முக்கியமான இன்னொன்றும் அதில் இருந்தது. இந்த ஏற்ற இறக்கம் தனிக்கடைகளுக்குத்தான். பல கிளைகள் வைத்திருக்கும் பெரிய சங்கிலி நிறுவனங்களை அது பாதிக்கவில்லை. பெயர் பெற்ற நிறுவனத்தைப் பற்றி மக்களுக்கு ஏற்கெனவே தெரியும். சிறுகடைக்கு அந்த ஸ்டார்தான் முகவரி.

இந்த அநியாயம் எப்படி வேலை செய்கிறது என்பதைக் கணக்குப் போட்டுப் பார்த்தால்தான் புரியும். ஒரு சிறிய மெஸ்ஸுக்கு 40 பேர் ரிவ்யூ எழுதி, சராசரி 4.6 இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். இந்த 40-ஐச் சேர்க்கவே இரண்டு மூன்று ஆண்டுகள் ஆகியிருக்கும். ஒரே இரவில் 12 போலி ஒற்றை ஸ்டார்கள் விழுந்தால், சராசரி ஏறக்குறைய 3.8-க்கு வந்துவிடும். மறுபடி 4.5-ஐத் தொட வேண்டுமானால், அதன் பிறகு வரும் 76 பேர் ஒருவர்கூடக் குறைக்காமல் ஐந்து ஸ்டார் போட வேண்டும். 12 பொய்களை அழிக்க 76 உண்மைகள் தேவை. அதே 12 ஒற்றை ஸ்டார்கள், 4,000 ரிவ்யூ வாங்கிய பெரிய ஓட்டலின் மேல் விழுந்தால் அதன் 4.6 அப்படியே 4.6 ஆகத்தான் இருக்கும். போலி ரிவ்யூ எல்லோருக்கும் பொதுவான தொல்லை என்று பேசுபவர்கள் இந்தக் கணக்கை ஒரு முறை பார்க்க வேண்டும்.

எங்கள் பகுதியில் சைவ மெஸ் நடத்தும் ஒருவருக்கு நேர்ந்ததைச் சொல்கிறேன். இரவு 10 மணிக்குக் கடையைக் கட்டிவிட்டுப் போனவர், விடிகாலையில் கைப்பேசியைப் பார்த்தபோது வரிசையாக ஒற்றை ஸ்டார்கள். எல்லாம் இரவு 11 மணிக்கும் ஒரு மணிக்கும் இடையில் போடப்பட்டவை. பாதிக்கு மேல் வெறும் ஸ்டார்தான், எழுத்தே இல்லை. ஒன்றில் மட்டும், சிக்கன் பிரியாணியில் முடி கிடந்தது என்றும், கேட்டதற்கு உரிமையாளர் அடிக்க வந்தார் என்றும் இருந்தது. "நம்ம கடைல முட்டைகூட வாங்கறதில்லீங்க, ஊருக்கே தெரியுமுங்க" என்று அவர் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் கணக்குகளில் ஒன்றைத் திறந்து பார்த்தோம். அதே நாளில் ஜெய்ப்பூரில் ஒரு நகைக்கடைக்கும், குவாஹாட்டியில் ஒரு டயர் கடைக்கும் அதே நபர் ரிவ்யூ போட்டிருந்தார். ஒரே நாளில் மூன்று ஊர்களில் ஒருவரால் எப்படி வாடிக்கையாளராக இருக்க முடியும்? இதைப் படத்தோடு சுட்டிக்காட்டிப் புகார் செய்தும், "கொள்கை மீறல் எதுவும் கண்டறியப்படவில்லை" என்ற ஒற்றை வரிதான் பதிலாக வந்தது. மதியச் சாப்பாட்டுக்கு வந்துகொண்டிருந்த ஹாஸ்டல் பிள்ளைகள் குறைந்தார்கள். பரிமாறுவதற்கு வைத்திருந்த ஆட்களில் ஒருவரை அவர் நிறுத்த வேண்டியதாயிற்று.

பெண்கள் நடத்தும் கடைகளுக்கு வரும் போலி ரிவ்யூக்கள் இன்னும் கொடியவை. ஆரி வேலைப்பாட்டு பிளவுஸ் தைக்கும் சகோதரி ஒருவரின் கடைக்கு எழுதப்பட்டதில் தையலைப் பற்றி ஒரு சொல் இல்லை. அவருடைய நடத்தையைப் பற்றித்தான் எழுதியிருந்தார்கள். அதை அவருடைய மாமனார் வீட்டில் யாரோ காட்டிவிட்டார்கள். ரேட்டிங் போனது ஒரு பக்கம் இருக்கட்டும், கடையையே மூடச் சொல்லும் அளவுக்கு வீட்டில் பேச்சு போனது. அதை நீக்கவைக்க அவர் நாட்கணக்கில் போராடினார். நீக்கப்படும் வரை கடைப் பெயரைத் தேடிய ஒவ்வொருவர் கண்ணிலும் அது பட்டுக்கொண்டே இருந்தது.

இதை ஒரு தொழிலாகவே நடத்துபவர்களும் இருக்கிறார்கள். முதலில் ஒற்றை ஸ்டார்கள் விழும். ஓரிரு நாளில் முன்பின் தெரியாத எண்ணிலிருந்து வாட்ஸ்அப் வரும். பணம் அனுப்பினால் எல்லாவற்றையும் எடுத்துவிடுகிறோம் என்பார்கள். பயந்து பணம் கட்டியவர்கள் எங்களிடையே உண்டு. கட்டியவரை அவர்கள் விடுவதில்லை, அடுத்த மாதம் மறுபடி வருகிறார்கள். இது அப்பட்டமான மிரட்டிப் பணம் பறித்தல். 2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 308-வது பிரிவு, இந்தக் குற்றத்துக்கு ஏழு ஆண்டுகள் வரை சிறைத் தண்டனை விதிக்கிறது. சட்டத்தில் குறையில்லை. புகாரை வாங்கிப் பதிவு செய்யத்தான் ஆளில்லை.

காசு கொடுத்து ஐந்து ஸ்டார் வாங்கும் கூட்டத்தையும் சொல்லாமல் விடக் கூடாது. எங்களுக்கு வாரந்தோறும் அப்படி மெசேஜ் வருகிறது. எங்களில் சிலரும் அந்த வலையில் விழுந்திருக்கிறார்கள் என்பது வேதனையான உண்மை. ஒருவர் வாங்கினால் அடுத்த கடைக்காரர் நேர்மையாக இருந்தும் பின்தங்கிப் போகிறார். அந்த ரிவ்யூக்களை எழுதுபவர்கள் யார் என்று பார்த்தால் மனம் இன்னும் கனக்கும். வீட்டிலிருந்தே பகுதிநேர வேலை, ஓட்டலுக்கும் கடைக்கும் ஐந்து ஸ்டார் போட்டு ஸ்கிரீன்ஷாட் அனுப்பினால் பணம் என்று டெலிகிராமில் ஆள் பிடிக்கிறார்கள். தொடக்கத்தில் நூறு இருநூறு என்று உண்மையாகவே கணக்கில் போடுவார்கள். நம்பிக்கை வந்ததும் பெரிய டாஸ்க் என்று சொல்லி முன்பணம் கட்டச் சொல்வார்கள். அப்படி லட்சக்கணக்கில் இழந்த இல்லத்தரசிகளும் கல்லூரி மாணவர்களும் நாடெங்கும் சைபர் கிரைம் புகார் கொடுத்து வருகிறார்கள். ஆகவே போலி ரிவ்யூ என்பது கடைக்காரருக்கும் வாடிக்கையாளருக்கும் இடையிலான சில்லறைத் தகராறு அல்ல. அதன் வேர், ஏழை வீடுகளின் சேமிப்பைச் சுரண்டும் மோசடிக் கும்பல் வரை போகிறது. அதிகாரிகள் இந்த இரண்டையும் தனித்தனி விவகாரங்களாகப் பார்க்கும் வரை எதுவும் மாறாது.

உண்மையான குறையை எழுதுபவர்களுக்கு எதிராக நாங்கள் ஒரு நாளும் பேசவில்லை. சாம்பாரில் உப்பு கூடுதல், கழிப்பறை சுத்தமில்லை, சொன்ன தேதியில் துணி தரவில்லை என்று எழுதுபவர் எங்களுக்கு நன்மையே செய்கிறார். அந்த உரிமை பறிபோகக் கூடாது. பொய்யைத் தடுக்கிறோம் என்ற பெயரில் நியாயமான விமர்சனத்தை நீக்கும் அதிகாரம் கடைக்காரர் கையில் கிடைத்தால், அது வேறொரு அநீதியாகிவிடும்.

உதவிக்கு யாரும் வராததால், பட்டுப் பட்டு நாங்களே சில வழிகளைக் கற்றுக்கொண்டிருக்கிறோம். புதிதாக மாட்டிக்கொள்ளும் சக வணிகர்களுக்கு அவை பயன்படும். மனம் கொதித்தாலும் உடனே பதில் எழுதக் கூடாது. முதலில், தேதி தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்து, அந்த ரிவ்யூவின் லிங்கையும், எழுதியவரின் பக்கத்தின் லிங்கையும் சேமித்து வைக்க வேண்டும். எழுதியவர் வேறு எந்த ஊர்க் கடைகளுக்கு எழுதியிருக்கிறார், கணக்கு நேற்றுத் தொடங்கியதா, ஒரே மாதிரி வாசகம் பல பெயர்களில் வருகிறதா, நாம் விற்காத பொருளைப் பற்றிச் சொல்கிறாரா என்று பார்த்தாலே பெரும்பாலும் குட்டு வெளிப்பட்டுவிடும். பில் புத்தகம், யு.பி.ஐ. வரவு, சி.சி.டி.வி. பதிவு ஆகியவற்றோடு அந்த நாளை ஒத்துப் பார்க்க வேண்டும். சி.சி.டி.வி. பதிவு சில வாரங்களில் தானாக அழிந்துவிடும் என்பதால் அதை அன்றே தனியாக எடுத்து வைப்பது நல்லது. இங்கே எச்சரிக்கையும் தேவை. பெயரை மாற்றிக்கொண்டு எழுதுகிற உண்மையான வாடிக்கையாளரும் உண்டு. ஓர் அடையாளத்தை மட்டும் வைத்துப் போலி என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

புகார் செய்யும்போது "இது பொய்" என்று எழுதிப் பயனில்லை. யார் சொல்வது உண்மை என்று இந்தத் தளங்கள் தீர்ப்புச் சொல்வதில்லை. எந்த விதி மீறப்பட்டது, அதாவது கடைக்கு வராமலே எழுதியதா, போட்டியாளர் எழுதியதா, ஆபாச வசையா, சம்பந்தமில்லாத விஷயமா என்று குறித்துச் சொன்னால்தான் கவனிக்கிறார்கள். முதல் முறை நிராகரித்தால் மேல்முறையீட்டுக்கும் வழி உண்டு. சான்றுகளையெல்லாம் அப்போது ஒன்றாகச் சேர்த்துக் கொடுக்க வேண்டும்.

அதற்குள் கடைப் பக்கத்தைப் பார்க்கிற மற்றவர்களுக்காகச் சுருக்கமாக, மரியாதையாக ஒரு பதில் போடலாம். "வணக்கம். எங்கள் கடையில் அசைவம் சமைப்பதில்லை. நீங்கள் சொல்லும் நாளில் இப்படி ஒரு பில் எங்கள் பதிவில் இல்லை. பில் எண்ணோடு கடைக்கு அழைத்தால் உடனே கவனிக்கிறோம்" என்று அந்த மெஸ்காரர் போட்ட பதில், நூறு வார்த்தைச் சண்டையைவிட நன்றாக வேலை செய்தது. கிளினிக் நடத்துபவர்கள் பதில் எழுதும் வேகத்தில் நோயாளியின் விவரத்தை வெளியில் சொல்லிவிடக் கூடாது. மிரட்டுபவருக்கு ஒரு ரூபாய்கூடக் கொடுக்கக் கூடாது. பதிலுக்கு நாமும் காசுக்கு ஐந்து ஸ்டார் வாங்கினால், நாளை நம்முடைய உண்மையான ரிவ்யூக்களும் சேர்ந்து நீக்கப்படலாம். உண்மையில் சாப்பிட்டு, தைத்து, மகிழ்ந்து போகிறவர்களிடம் தள்ளுபடி ஆசை காட்டாமல் "ஒரு வரி எழுதுங்க" என்று கேட்டு வருவதே நிலையான பாதுகாப்பு.

காலை நான்கு மணிக்கு அடுப்புப் பற்றவைத்து இரவு கல்லா கட்டும் வரை நிற்கிறவருக்கு, இத்தனையும் செய்ய நேரம் எங்கே இருக்கிறது? பொய் எழுத ஒரு நிமிடம் போதும். அதைப் பொய்யென்று நிரூபிக்கும் பாரம் முழுவதும் பாதிக்கப்பட்டவர் தலையில் விழுகிறது. காவல் நிலையத்துக்குப் போனால் சைபர் கிரைமுக்குப் போகச் சொல்கிறார்கள். அதற்கான 1930 என்ற உதவி எண்ணை அழைத்தால், பணம் ஏதும் போயிருக்கிறதா என்பதே முதல் கேள்வியாக இருக்கிறது. போகவில்லை என்றால் அந்தப் பேச்சு அதோடு நின்றுவிடுகிறது. அவதூறு வழக்குப் போடலாம் என்கிறார்கள். பெயர் தெரியாதவர் மேல் எப்படி வழக்குப் போடுவது? நீதிமன்றத்தில் ஸ்கிரீன்ஷாட்டைச் சான்றாக வைக்க, பாரதிய சாட்சிய அதினியத்தின் 63-வது பிரிவு கேட்கும் சான்றிதழில் நிபுணர் ஒருவரும் கையெழுத்திட வேண்டும். வக்கீல் கட்டணத்தோடு இதையும் சேர்த்தால், தள்ளுவண்டியிலிருந்து கடைக்கு உயர்ந்த ஒருவரால் தாங்க முடியுமா? நுகர்வோருக்கென்று 2019-ம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது, ஆணையங்கள் இருக்கின்றன. பொய்யால் அடிபடும் கடைக்காரர் போய் நிற்பதற்கு அப்படி ஒரு வாசல் கிடையாது.

விதிகளே இல்லை என்று அதிகாரிகள் சொல்ல முடியாது. விற்பனையாளர் தன்னை நுகர்வோர் போலக் காட்டிக்கொண்டு ரிவ்யூ போடக் கூடாது என்று 2020-ம் ஆண்டின் மின்வணிக விதிகள் சொல்கின்றன. புகாரை 24 மணி நேரத்தில் பதிவு செய்து குறித்த கெடுவுக்குள் தீர்க்க வேண்டும் என்று 2021-ம் ஆண்டின் தகவல் தொழில்நுட்ப விதிகள் இணையத் தளங்களுக்குக் கட்டளையிடுகின்றன. தீர்வில் நிறைவில்லை என்றால் மேல்முறையீடு செய்யவும் பின்னர் வழி செய்யப்பட்டது. 2022 நவம்பரில் இணைய ரிவ்யூக்களுக்கென்றே ஐ.எஸ். 19000:2022 என்ற இந்தியத் தர நிர்ணயம் வெளியானது. ரிவ்யூ எழுதுபவரை மின்னஞ்சல், தொலைபேசி அழைப்பு, குறுஞ்செய்தி போன்ற வழிகளில் சரிபார்க்க வேண்டும், காசுக்கு எழுதியவற்றை வெளியிடக் கூடாது என்றெல்லாம் அது தெளிவாக வகுத்திருக்கிறது. ஆனால் அது விருப்பம் இருந்தால் கடைப்பிடிக்கலாம் என்ற அளவிலேயே கொண்டுவரப்பட்டது.

அந்தத் தர நிர்ணயம் வந்தபோது இனி போலிகள் ஒழியும் என்று சொன்னார்கள், நம்பினோம். பிறகு கட்டாயமாக்கப் போகிறோம் என்றார்கள், காத்திருந்தோம். தேர்தல் நேரத்தில் ஓட்டுக் கேட்டு வந்தவர்களிடமும் மனு கொடுத்தோம். சிறு வணிகர்களின் முதுகெலும்பைக் காப்போம் என்றார்கள். குறைதீர்க்கும் நாட்களில் கொடுத்த மனுக்களுக்கு ரசீது கிடைத்தது, அது எங்கள் துறையில் வராது என்ற பதிலும் கிடைத்தது. தீர்வு மட்டும் கிடைக்கவில்லை.

இது நடக்காத காரியம் என்றால் நாங்களும் வாய்மூடி இருந்திருப்போம். அமெரிக்காவில் போலி ரிவ்யூக்களை எழுதுவதையும் விற்பதையும் வாங்குவதையும் தடை செய்யும் விதி 2024 அக்டோபரில் நடைமுறைக்கு வந்தது. அப்போதைய கணக்கில் ஒவ்வொரு மீறலுக்கும் 51,744 டாலர் வரை அபராதம் விதிக்க அதில் இடமிருந்தது. பிரிட்டனில் 2025 ஏப்ரல் முதல் போலி ரிவ்யூ சட்டப்படி தடை செய்யப்பட்டிருக்கிறது; தவறும் நிறுவனங்களுக்கு உலகளாவிய வருமானத்தில் 10 சதவீதம் வரை அபராதம் போடலாம். அதற்கு முன்பே, 2025 ஜனவரியில், போலி ரிவ்யூவால் ரேட்டிங் ஏற்றிக்கொண்ட கடைகளின் பக்கத்தில் எச்சரிக்கை போடுவதாகக் கூகுள் அந்நாட்டு ஒழுங்குமுறை அமைப்பிடம் உறுதி கொடுத்தது. 2024-ல் மட்டும் உலகெங்கும் 24 கோடிக்கும் அதிகமான விதிமீறிய ரிவ்யூக்களைத் தடுத்தோ நீக்கியோ இருப்பதாக அதே நிறுவனம் சொல்லியிருக்கிறது. தொழில்நுட்பம் இருக்கிறது, கண்டுபிடிக்கவும் முடிகிறது. சட்டம் கையைப் பிடித்துக் கேட்கும் இடத்தில் கூடுதலாகச் செய்கிறார்கள் என்பதைத்தான் இது காட்டுகிறது. கோவைக் கடைக்காரர் லண்டன் கடைக்காரரைவிட எந்த விதத்தில் குறைந்தவர்?

எனவே ஐ.எஸ். 19000 தர நிர்ணயத்தை, பொருள் விற்கும் தளங்களோடு மேப், உணவு, தங்குமிடச் செயலிகளுக்கும் சேர்த்து உடனடியாகக் கட்டாயமாக்க வேண்டும். ஒரு சிறுகடைக்குத் திடீரென்று ஒரே இரவில் ஒற்றை ஸ்டார்கள் குவிந்தால், சரிபார்த்து முடிக்கும் வரை அவற்றைச் சராசரிக் கணக்கில் சேர்க்காமல் நிறுத்தி வைக்கும்படி ஆணையிட வேண்டும். ரிவ்யூக்களை அழிக்கச் சொல்லவில்லை, சரிபார்க்கும் வரை பொறுக்கச் சொல்கிறோம். இதை ஒன்று செய்தாலே தாக்குதல் நடத்துபவனின் பிழைப்பு பாதி கெட்டுவிடும். புகாரை நிராகரிக்கும்போது காரணத்தைத் தமிழில், மனிதர் ஒருவர் பார்த்து எழுதித் தர வேண்டும். தகவல் தொழில்நுட்ப விதிகளின் கெடுவைத் தாண்டும் நிறுவனத்துக்கு அபராதம் விதிக்கப்பட வேண்டும். ரிவ்யூ விற்பதாக வாட்ஸ்அப்பில் வெளிப்படையாக விளம்பரம் செய்பவர்களின் எண்கள் எங்கள் கைப்பேசிகளில் நிறைந்து கிடக்கின்றன. அவற்றை வாங்கி விசாரிக்கத் தொடங்கினாலே பகுதிநேர வேலை மோசடிக் கும்பல்கள் வரை நூல் பிடித்துப் போகலாம்.

மாவட்டத்துக்கு ஓர் உதவி மையமும் வேண்டும். பணம் போனால்தான் புகார் என்று பார்க்காமல், மிரட்டல் வாட்ஸ்அப்பையும் ஸ்கிரீன்ஷாட்டையும் வாங்கிப் பதிவு எண் கொடுத்து, சான்றிதழுக்கும் உதவி, தளங்களிடம் நேரடியாகப் பேசும் அதிகாரம் படைத்ததாக அது இருக்க வேண்டும். தீபாவளி ஆர்டர்கள் தொடங்கும் மாதத்தில்தான் இனிப்புக் கடைகளுக்கும் பேக்கரிகளுக்கும் தையல் கடைகளுக்கும் இந்தத் தாக்குதல் அதிகம் வருகிறது. ஆண்டு முழுவதும் பட்ட கடனை அடைக்கும் வருமானமும் அந்த மாதத்தில்தான் வருகிறது. வரும் தீபாவளிக்கு முன்பாக அந்த மையத்தைத் திறந்து, அதன் எண்ணை ஒவ்வொரு வணிகர் சங்கத்துக்கும் அனுப்பி வைக்க வேண்டும்.